பச்சைக் கொடி காட்டியவள்

இசக்கிசெல்வி ரயில்வேயில் பார்த்த வேலைக்குத் தாராவியில் யாருக்கும் பெயர் சொல்லத் தெரியாது. "ரயில்வேல இருக்கா" என்பார்கள். டிக்கெட் கொடுக்கிறாளா, பெட்டி கூட்டுகிறாளா என்று கேட்டால், "கம்பியைப் புடிச்சி இழுக்குற வேலையாம்" என்று அவள் புருஷன் சுடலையே சொல்வான். அரசாங்கக் காகிதத்தில் அவள் 'பாயிண்ட்ஸ்மேன்'. பெண்ணானாலும் மேன்தான். யார்டில் எல்லாரும் இந்தியில் 'காண்டேவாலி' என்று கூப்பிட்டார்கள். தண்டவாளம் இரண்டாகப் பிரிகிற இடத்துக்கு அங்கே காண்டா என்று பெயர். அந்தக் காண்டாவை மாற்றிவிடுகிறவள் காண்டேவாலி.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் சுடலைக்கு அவள் சாப்பாட்டுத் தட்டை வைத்து விளக்கியிருக்கிறாள். ரயில் ஓட்டுகிறவன் கையில் பஸ்ஸில் இருப்பதுபோல் திருப்புகிற சக்கரம் கிடையாது. அவன் வேகத்தைக் கூட்டலாம், குறைக்கலாம், நிறுத்தலாம், அவ்வளவுதான். எந்தப் பக்கம் போவது என்பது தரையில் தீர்மானமாகிற விஷயம். பிரிகிற இடத்தில், இரண்டு பக்கத் தண்டவாளத்துக்கும் உள்ளே, நுனி கத்திபோலச் சீவிய இரண்டு நாக்குகள் இருக்கும். இரண்டையும் ஒரு கம்பி சேர்த்துக் கட்டியிருக்கும். ஒன்று தன் பக்கத்துத் தண்டவாளத்தோடு போய் ஒட்டினால் மற்றது விலகி நிற்கும். இடது நாக்கு ஒட்டிக் கிடந்தால் சக்கரத்தின் உள்விளிம்பு அதைப் பிடித்துக்கொண்டு வலப்பக்கப் பாதையில் போகும். வலது நாக்கு ஒட்டிக் கிடந்தால் இடப்பக்கம் போகும்.

"ரெண்டும் ஒட்டாம நடுவுல நின்னா?" என்று சுடலை கேட்டான்.

"நிக்கக் கூடாது" என்றாள் செல்வி.

மெயின் லைனில் இதையெல்லாம் மோட்டாரும் கேபினும் பார்த்துக்கொள்கின்றன. நாக்கு விரற்கடை அளவு விலகியிருந்தாலும் சிக்னல் விழாது. செல்வி இருந்தது அப்படிப்பட்ட இடமல்ல. மாட்டுங்காவைத் தாண்டி, லோக்கல் ரயில்களை ஓய்வுக்கு நிறுத்திவைக்கிற ஒரு யார்டு அது. அதன் பழைய மூலையில் இன்னும் கையால் புரட்டுகிற லீவர்கள்தான். லீவரின் ஒரு முனையில் பூசணிக்காய் அளவு இரும்புக் குண்டு. அதைத் தூக்கி மறுபக்கம் போட்டால் 'தொம்' என்று விழும், நாக்கு நகரும். குனிந்து நாக்கு ஒட்டியிருக்கிறதா என்று கண்ணால் பார்க்க வேண்டும். பிறகு பச்சைக் கொடி. அங்கே தண்டவாளம் வளைந்து போவதால் லீவர் பக்கம் நிற்கிற ஆளை ரயில் ஓட்டுகிறவனால் பார்க்க முடியாது. அதனால் வளைவில் இன்னொரு ஆள் நிற்க வேண்டும். லீவர்க்காரி காட்டுகிற கொடியைப் பார்த்து அந்த ஆள் அதே கொடியை ஓட்டுநருக்குக் காட்டுவார்.

அந்த இன்னொரு ஆள் ஜான்சி.

இரண்டு பேரும் ஒரே பேட்ச். செல்வி பரீட்சை எழுதி வந்தவள். ஜான்சியின் புருஷன் தண்டவாளப் பராமரிப்பில் இருந்து செத்துப்போனதால் அந்த வேலைக்குப் பதில் இந்த வேலை அவளுக்குக் கிடைத்திருந்தது. பயிற்சிப் பள்ளியில் முதல் நாள் லீவர் குண்டைத் தூக்கச் சொன்னபோது செல்வியால் அசைக்கவே முடியவில்லை. ஆண்கள் சிரித்தார்கள். ஜான்சி பக்கத்தில் வந்து, "கையால தூக்காதட்டி, இடுப்பைக் குடு" என்றாள். அந்தப் பேச்சிலேயே ஊர் தெரிந்துவிட்டது. நாசரேத்துக்காரி. செல்வியின் அப்பாவுக்கு ஆழ்வார்திருநகரி. இடையில் உள்ள தூரம் பம்பாயில் ஒரு பொருட்டா? அன்றிலிருந்து சோறு ஒன்றாகத்தான். செல்விக்குக் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டால் ஜான்சி நீவிவிடுவாள். ஜான்சிக்குத் துக்கம் வந்தால் செல்வி சும்மா பக்கத்தில் உட்கார்ந்திருப்பாள். ஜான்சியின் மகள் ஏஞ்சலின், அம்மாவோடு செம்பூர் வாஷி நாகாவில் வளர்ந்தது பாதி, தாராவியில் செல்வியின் வீட்டில் வளர்ந்தது பாதி. செல்விக்குப் பிள்ளை இல்லை. அந்தப் பெண் 'செல்வி சித்தி' என்று கூப்பிட்டுக்கொண்டு மாடிப்படியில் ஏறி வந்தால் சுடலைகூடத் தோல் தைக்கிற மிஷினை நிறுத்திவிட்டு எழுந்துவிடுவான்.

ஏஞ்சலினுக்கு நர்ஸிங் படிக்க ஆசை. அந்த வருஷம் சீட் கிடைக்குமா கிடைக்காதா என்று ஜான்சி தூங்காமல் கிடந்தாள். செல்வி இசக்கியம்மனுக்கு நேர்ந்துகொண்டாள்.

ஜூலை மாதம். காலையிலிருந்து மழை விட்டுவிட்டுப் பெய்துகொண்டிருந்தது. மதியச் சோறு முடிந்து, சாயங்கால நெரிசலுக்கு ஒரு காலி ரேக்கை, அதாவது கோத்து நிறுத்திய பெட்டி வரிசையை, வெளியே எடுக்கச் சொல்லி உத்தரவு வந்தது. ஓட்டுநர் வாசிம், நல்ல மனுஷன், போகிறபோக்கில் எல்லாருக்கும் சலாம் வைப்பவர். ஜான்சி வளைவுக்குப் போனாள். செல்வி லீவரைப் புரட்டினாள். குண்டு விழுந்த சத்தம் சரியில்லை. 'தொம்' என்று விழ வேண்டியது பாதியில் சுணங்கி நின்றது. குனிந்து பார்த்தால் ஒரு கருங்கல் ஜல்லி நாக்குக்கும் தண்டவாளத்துக்கும் நடுவில் கச்சிதமாகச் சிக்கிக்கொண்டிருந்தது. நாக்கு ஒரு பக்கமும் ஒட்டவில்லை.

செல்வி முறைப்படி சிவப்புக் கொடியை விரித்து உயர்த்திப் பிடித்தாள். வளைவைப் பார்த்தாள். ஜான்சி அந்தப் பக்கம் திரும்பி நின்றிருந்தாள். பச்சையும் சிவப்பும் சேர்த்துச் சுருட்டிய கொடி ஒரு கையில், தோளில் சாய்த்த குடைக்குள் இன்னொரு கை காதோடு சேர்ந்திருந்தது. யார்டில் வேலை நேரத்தில் செல்போன் கூடாது. ஆனாலும் எல்லாரிடமும் இருந்தது. ஜான்சி திரும்பிப் பார்ப்பாள், சிவப்பைப் பார்ப்பாள் என்று நம்பி, கொடியை இடது கையில் பிடித்தபடியே செல்வி கம்பியால் ஜல்லியை நெம்பினாள்.

ஜான்சி திரும்பினாள். முகம் முழுக்கச் சிரிப்பு. மழைக்கு மேலாகக் கத்தினாள்: "ஏட்டி செல்வி! சீட் கெடச்சிட்டு!"

செல்விக்கு ஒரு நொடி மனசு பொங்கியது. அடுத்த நொடி ஹார்ன் அடித்தது. ஜான்சி போனைக் காதிலிருந்து எடுக்காமலே, அந்தச் சந்தோஷத்தோடேயே, மறு கையில் பச்சையை விரித்து வாசிமுக்கு வீசிக்கொண்டிருந்தாள்.

"நிறுத்து! நிறுத்து!" என்று செல்வி சிவப்புக் கொடியோடு ஜல்லியில் இடறி ஓடினாள். ரேக் வளைவைத் தாண்டியது. முன் சக்கரங்கள் ஒரு பாதையைப் பிடித்தன, பின்னால் வந்தவை இன்னொன்றைப் பிடித்தன. பெட்டி குறுக்கே இழுபட்டு, நாக்கை நசுக்கிக்கொண்டு சரிந்து, மின்கம்பத்தில் போய்ச் சாய்ந்தது. கம்பி அறுந்து பக்கத்து லைன்மேல் விழுந்தது. வாசிம் நெற்றியில் ரத்தத்தோடு இறங்கி வந்தார். வேறு யாருக்கும் அடியில்லை. ஆனால் அன்று சாயங்காலம் ஊரே வீட்டுக்குப் போக முடியாமல் மழையில் தண்டவாளத்தின்மேல் நடந்தது. டிவியில் காட்டினார்கள். அதன் பிறகு மேலே இருக்கிறவர்களுக்குக் குற்றத்தைச் சுமத்த ஒரு ஆள் கட்டாயம் வேண்டியிருந்தது.

அன்று சாயங்காலமே, வாக்குமூலத்துக்குக் கூப்பிடுவதற்கு முன்னால், கொடியும் விளக்கும் வைக்கிற அறையில் ஜான்சி செல்வியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். உடம்பெல்லாம் நடுங்கியது.

"ஏட்டி, போன் விஷயத்த மட்டும் சொல்லிராத. சொன்னா அன்னைக்கே வீட்டுக்கு அனுப்பிருவான். நா போயிட்டா ஏஞ்சலின எவ படிக்க வைப்பா?"

"நா செவப்பக் காட்டினேம்லா ஜான்சி."

"காட்டின, யாரு இல்லன்னா? மழையில எனக்குத் தெரியல, அம்புட்டுதான். நீயும் அதையே சொல்லு. மழை பெஞ்சி மறைச்சிட்டுன்னு ரெண்டு பேரும் ஒண்ணுபோலச் சொன்னா மழை மேலதான் போவும்."

செல்வி தலையாட்டினாள். அதில் யோசிக்க ஒன்றும் இருந்ததாக அவளுக்குத் தோன்றவில்லை. அதிகாரி முன்னால் நடந்ததைச் சொன்னாள்: கல் சிக்கியது, நாக்கு ஒட்டவில்லை, சிவப்புக் கொடி காட்டினேன், மழையில் ஜான்சிக்குத் தெரிந்திருக்காது. போனைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. எழுதிக்கொண்டார்கள், கையெழுத்து வாங்கினார்கள். அவள் வெளியே வந்ததும் ஜான்சி உள்ளே போனாள்.

வீட்டுக்கு வந்து சுடலையிடம் மட்டும் உள்ளதைச் சொன்னாள். சுடலைக்குப் பிடிக்கவில்லை. "இது சரிப்படாது ஏளா. நாளைக்கே போயி உள்ளதச் சொல்லிரு."

"நீங்க சும்மா இருங்க. அவ பொம்பளப் பிள்ளைய வச்சிக்கிட்டு தனியாக் கெடக்கா."

விசாரணை வைக்கும்வரை இரண்டு பேரையும் லீவர் பக்கம் விடவில்லை. ஆபீசில் பெஞ்சில் உட்கார வைத்தார்கள். அந்த நாட்களில் ஜான்சி முன்னைவிடப் பிரியமாக இருந்தாள். அயிலை மீன் குழம்பு வைத்துக் கொண்டுவந்தாள். ஏஞ்சலின் ஹாஸ்டலுக்குக் கிளம்பிய அன்று செல்வியும் கூடப்போய்ப் பெட்டி தூக்கினாள். நேர்ந்துகொண்டபடி பொங்கல் வைக்க வேண்டும் என்று செல்வி சொன்னபோது, "நா கிறிஸ்துவச்சி, ஆனாலும் வாரேன், எம் பிள்ளைக்கில்லா நேந்த" என்று ஜான்சி சிரித்தாள்.

விசாரணையில் துணைக்கு ஒரு ஆளை வைத்துக்கொள்ளலாம் என்றார்கள். யூனியன்காரர்கள் திருவேங்கடத்தின் பெயரைச் சொன்னார்கள். மாட்டுங்காவில் பரம்பரையாக ஆபீஸ் வேலை பார்த்த குடும்பம், ரயில்வேயிலேயே இருந்து ரிடையர் ஆனவர், இந்த மாதிரி விசாரணைகளுக்குக் காசு வாங்காமல் வந்து உட்காருவார். செல்வியின் வாக்குமூலத்தைப் படித்துவிட்டு, "எல்லாம் இவ்ளோதானாம்மா? வேற ஒண்ணும் விட்டுப்போகலையே?" என்று கேட்டார். "இல்ல சார்" என்றாள் செல்வி. கண்ணாடிக்கு மேலாக ஒரு முறை பார்த்துவிட்டு அவர் காகிதத்தை மடித்து வைத்தார்.

விசாரணை அறையில் வாசிமை முதலில் கேட்டார்கள். வளைவில் நின்ற பெண் பச்சை காட்டினாள், தான் வண்டியை எடுத்தேன், லீவர் பக்கம் நின்றவளைத் தன்னால் பார்க்க முடியாது என்றார். அது உண்மை. அடுத்து ஜான்சி. நல்ல புடவை கட்டி வந்திருந்தாள். செல்வி அவளைப் பார்த்துப் பயப்படாதே என்பதுபோலக் கண்ணைக் காட்டினாள். ஜான்சி பார்க்கவில்லை.

"நீ ஏன் பச்சை காட்டினாய்?" என்று அதிகாரி இந்தியில் கேட்டார்.

"செல்வி நே ஹரி ஜண்டி திகாயி, சாப்" என்றாள் ஜான்சி.

செல்வி பச்சைக் கொடி காட்டினாள். அதைப் பார்த்துத்தான் நான் காட்டினேன்.

செல்விக்குக் காதில் விழுந்தது, மண்டையில் ஏறவில்லை. பயத்தில் வாய்தவறிச் சொல்லிவிட்டாள், இப்போது திருத்திச் சொல்வாள் என்று காத்திருந்தாள். அதிகாரி தாளைப் புரட்டி, "முதல் நாள் கொடுத்த வாக்குமூலத்திலும் இதையேதான் சொல்லியிருக்கிறாய்" என்றார். ஜான்சி ஆமாம் என்று தலையசைத்தாள்.

முதல் நாள். கையைப் பிடித்துக்கொண்டு நடுங்கிய அதே சாயங்காலம். செல்வி வெளியே வந்ததும் உள்ளே போனாளே, அப்போதே. அதற்குப் பிறகுதான் அயிலைக் குழம்பு. அதற்குப் பிறகுதான் பெட்டி தூக்கியது, பொங்கலுக்கு வருகிறேன் என்று சிரித்தது எல்லாம். மனசுக்குள் ஒவ்வொரு நாளாகத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள். பொய் கலக்காத நாள் ஒன்றுகூட மிச்சமில்லை.

எழுந்து நின்று கத்தினாள். "பொய் சார்! இவ போன் பேசிட்டு இருந்தா. எங்கொடியப் பாக்கவே இல்ல. நா செவப்பத்தான் காட்டினேன்!" தமிழிலும் இந்தியிலுமாக வந்தது. திருவேங்கடம் அவள் கையைப் பிடித்து உட்கார வைத்தார்.

அதிகாரி பொறுமையாகவே கேட்டார்: "போன் பேசினாள் என்று உன் வாக்குமூலத்தில் எங்கே இருக்கிறது?"

"இல்ல சார்."

"ஏன் இல்லை?"

"சிநேகிதி... சொல்ல வேண்டாம்னு கேட்டா."

"சிநேகிதிக்காக அன்று மறைத்தாய். இன்று உனக்காகச் சொல்கிறாய். எதை நான் நம்புவது?"

பழைய லீவர் மூலையில் சிக்னல் விளக்கும் கிடையாது, காமிராவும் கிடையாது. என்ன நடந்தது என்று சொல்ல இரண்டு பெண்களின் வாயைத் தவிர வேறெதுவும் இல்லை. அதில் ஒரு வாய் முதலிலிருந்து ஒன்றையே சொன்னது. இன்னொன்று மாற்றிச் சொன்னது. போன் கம்பெனியில் விவரம் கேட்கலாம் என்று திருவேங்கடம் எழுதிக் கொடுத்தார். மகள் கூப்பிட்டது உண்மைதான், வண்டி எடுக்கும் முன்பே பேசி முடித்துவிட்டேன் என்று ஜான்சி சொல்லிவிட்டாள். வண்டி சரிந்ததற்கு யார்டில் எழுதிய நேரமும் போன் கம்பெனி நேரமும் ஓரிரு நிமிஷம் முன்பின்னாக இருந்தன, எது சரி என்று யாராலும் சொல்ல முடியவில்லை. அந்தப் பேச்சு அத்தோடு விடப்பட்டது.

வெளியே வராந்தாவில் திருவேங்கடம் நின்றார். "நான் அன்னிக்கே கேட்டேனேம்மா. எங்கிட்டயாவது சொல்லியிருக்கப்படாதா?" கோபமில்லை, வருத்தம்தான். அதுதான் அவளுக்கு இன்னும் தாங்க முடியவில்லை.

அங்கிருந்து அவள் வீட்டுக்குப் போகவில்லை. சயானில் பஸ் பிடித்து நேராகச் செம்பூர் போனாள். வாஷி நாகாவில் அந்தக் கட்டடத்தின் படியெல்லாம் அவளுக்குக் கண்ணை மூடிக்கொண்டு ஏறுகிற படி. ஜான்சி அப்போதுதான் வந்து புடவை மாற்றியிருந்தாள். கதவைத் திறந்தவள் மூடப் பார்க்கவில்லை. வா என்றும் சொல்லவில்லை.

"எப்படிட்டி மனசு வந்திச்சி?" என்றாள் செல்வி.

ஜான்சி கழற்றிப் போட்ட புடவையை எடுத்து மடித்தாள்.

"மழை மேல போட்டுருவோம்னு நீதான சொன்ன? எங்கையப் புடிச்சிட்டுச் சொன்ன."

"உள்ள போனதும் அந்தாளு ஒண்ணே ஒண்ணுதான் கேட்டாரு. செவப்பு தெரியலன்னா பச்சைய ஏன் காட்டுனன்னு. மழைன்னா சும்மா நிக்கணும், பச்சை எப்படி வரும்னு கேட்டாரு. எனக்கு வாயில வேற ஒண்ணும் வரல."

"வரலன்னா எம்பேரச் சொல்லுவியா? சரி, சொல்லிட்ட. வெளிய வந்து எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்லா? நானும் போயி உள்ளதச் சொல்லியிருப்பேன்லா? குழம்பு வச்சிக் கொண்டாந்தியே..."

ஜான்சி அழத் தொடங்கினாள். "ஒனக்குச் சுடலை அண்ணன் இருக்காரு. வேலை போனாலும் சோறு உண்டு. எனக்கு யாரு இருக்கா? நீ தாங்குவேன்னு நெனைச்சேன் செல்வி."

அந்த வார்த்தை செல்வியை நிறுத்திவிட்டது. பயிற்சிப் பள்ளியில் தொடங்கி இத்தனை வருஷப் பழக்கத்தில் தன்னைப் பற்றி ஜான்சி தெரிந்துகொண்டது இதுதானா? அவளை ஓங்கி அறைய வேண்டும் என்றுதான் பஸ்ஸில் வந்தாள். கை எழவில்லை. வாசலில் கிடந்த தன் செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கினாள். பின்னாலிருந்து ஜான்சி கூப்பிட்டாளா இல்லையா என்று இன்றுவரை அவளுக்குத் தெரியாது.

தீர்ப்பு வந்தது. ரயில் ஓட்டத்தைத் தொடுகிற எந்த வேலையும் அவளுக்குக் கொடுக்கக் கூடாது. கீழ் நிலைக்கு இறக்கி, பார்சல் ஆபீசில் மூட்டைகளுக்கு ஊர்ப்பெயர் எழுதி ஒட்டுகிற இடத்தில் போட்டார்கள். மேல் முறையீடு செய்தாள். அதாவது திருவேங்கடம் எழுதினார், அவள் கையெழுத்துப் போட்டாள். அதுவும் தள்ளுபடி. ஜான்சிக்கு ஒரு கண்டிப்புக் கடிதத்தோடு போயிற்று. அவள் திரும்ப வளைவுக்கே போனாள்.

தண்டனையைவிடச் செல்வியை அரித்தது பெயர்தான். யார்டுப் பக்கம் எதற்காவது போனால், புதிதாக வந்தவர்களிடம் யாராவது காதைக் கடிப்பார்கள். ஹரி ஜண்டிவாலி. பச்சைக் கொடிக்காரி. காட்டாத கொடி அவள் பெயரோடு ஒட்டிக்கொண்டது. தாராவியில் சொந்தக்காரர்கள், "என்ன இருந்தாலும் ஒருத்திய மட்டும் புடிச்சிருக்கான்னா ஏதோ இருக்கும்லா" என்று பேசினார்கள். சுடலை அவர்களோடு சண்டைக்குப் போனான். ஆனால் வீட்டுக்குள் வந்தால், "நா அன்னைக்கே சொன்னேன்" என்று தொடங்கிவிடுவான். ஜான்சியின் பெயரை அந்த வீட்டில் யாரும் எடுப்பதில்லை என்றாயிற்று. இசக்கியம்மனுக்கு வைக்க வேண்டிய பொங்கலையும் அவள் வைக்கவில்லை.

வருஷங்கள் போயின. போன மழைக்காலத்தில் சுடலைக்குக் காலில் தோல் வெட்டுகிற கத்தி பட்டு, அந்தப் புண்ணோடு தெருவில் தேங்கிய தண்ணீரில் நடந்து, கால் வீங்கிக் காய்ச்சல் கண்டுவிட்டது. சயானில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். இரண்டாம் நாள் மதியம் மருந்து ஏற்ற வந்த நர்ஸ் சுடலையின் முகத்தைப் பார்த்து நின்றாள். பிறகு திரும்பி, "செல்வி சித்தி!" என்றாள்.

ஏஞ்சலின். வெள்ளை உடுப்பில் ஆளே நெடுநெடுவென்று வளர்ந்திருந்தாள். செல்விக்கு முதலில் வந்தது சந்தோஷம்தான். அதை அவளால் தடுக்க முடியவில்லை. அந்தப் பெண் சுடலையின் காலைத் தானே கழுவிக் கட்டினாள், டாக்டரிடம் போய்ப் பேசினாள், செல்விக்குச் சாயா வாங்கி வந்தாள். வராந்தா பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்து, தயங்கித் தயங்கி, தமிழும் இந்தியுமாகச் சொன்னாள்:

"சித்தி, ஒண்ணு சொல்லணும். சச்சி, நெஜமா எனக்கு உங்க மேல கோபமே கிடையாது. அம்மா எல்லாம் சொல்லிச்சு. நீங்க தப்பா கொடி காட்டி, அப்றம் அம்மா மேல போட்டீங்கன்னு. பயத்துல பண்ணிட்டீங்க, சமஜ் சக்தி ஹூம், எனக்குப் புரியுது. நான் எப்பவோ மாஃப் பண்ணிட்டேன்."

செல்வி சாயாவைக் கீழே வைத்தாள். ஊரிடம் சொன்னாள், சரி. அதிகாரியிடம் சொன்னாள், சரி. பெற்ற பிள்ளையிடமும் அதையே சொல்லி வளர்த்திருக்கிறாளே. தன் மடியில் தூங்கின பிள்ளை தன்னை மன்னிக்கிறது.

"ஏஞ்சலின், அன்னைக்கு சீட் கெடச்சிட்டுன்னு போன் பண்ணது நீதான?"

"ஆமா."

"கடைசில ஒனக்கு என்ன கேட்டுச்சி? நெனச்சிப் பாத்துச் சொல்லு."

ஏஞ்சலின் யோசித்தாள். "அம்மா சிரிச்சுச்சு. உங்களைக் கூப்பிட்டு சீட் கெடச்சிட்டுன்னு சொல்லிச்சு. அப்றம் ஹார்ன். அப்றம் யாரோ நிறுத்து நிறுத்துன்னு கத்துனாங்க. அப்றம் பெரிய சத்தம், போன் கீழ விழுந்திச்சு."

"கத்தினது நான்."

அந்தப் பெண் அவளைப் பார்த்தாள்.

"பச்சை காட்டுனவ எதுக்குட்டி நிறுத்து நிறுத்துன்னு கத்துவா?"

ஏஞ்சலினின் முகத்தில் ஒவ்வொன்றாகப் புரிந்துவருவது தெரிந்தது. கை வாயைப் பொத்திக்கொண்டது. வார்டுக்குள்ளிருந்து யாரோ சிஸ்டர் சிஸ்டர் என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள்.

செல்வி கேட்டுவிட்டாள். கேட்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டேதான் கேட்டாள். "இதை எழுதிக் குடுப்பியா? திருவேங்கடம் சார் இன்னும் இருக்காரு. திரும்ப எடுக்கச் சொல்லிக் கேப்பாரு."

ஏஞ்சலினுக்குக் கண்ணீர் வழிந்தது. "அம்மா வேலை போயிடும் சித்தி."

எழுந்து போனாள். மறுநாள் அந்த வார்டுக்கு வேறு நர்ஸ் வந்தாள். ஏஞ்சலின் வேறு மாடிக்கு மாற்றல் வாங்கிக்கொண்டதாகச் சொன்னாள். திருவேங்கடத்திடம் செல்வி போனில் விவரத்தைச் சொன்னாள். "அந்தப் பொண்ணு எழுதித் தந்தா பார்க்கலாம்மா. இல்லேன்னா, நடந்தது நமக்குத் தெரியும்ங்கறதோட சரி" என்றார் அவர்.

சுடலையை வீட்டுக்கு அனுப்புகிற அன்று காலை, மருந்துக் கடை வாசலில் நின்றபோது செல்வியின் போன் அடித்தது. எண்ணைப் பார்த்ததும் தெரிந்தது. அழித்துவிட்ட எண்தான், ஆனால் மனப்பாடம். எடுத்தாள்.

"செல்வி, நாந்தான்." குரல் வயதாகிப்போயிருந்தது. "ஏஞ்சலின் எங்கூடப் பேச மாட்டேங்கா. வீட்டுக்கு வரல, போன் எடுக்க மாட்டேங்கா. அவகிட்ட என்ன சொன்ன?"

"உள்ளதச் சொன்னேன்."

ஜான்சி அழுதுகொண்டே சொன்னாள்: "எனக்கு அவள விட்டா யாருட்டி இருக்கா? நீ சொன்னா அவ கேப்பா. ஒரேயொரு வார்த்தை. கோவத்துல அப்படிச் சொல்லிட்டேன், நாந்தான் பச்சை காட்டினேன்னு சொல்லிரு. ஒனக்குத்தான் எல்லாம் முடிஞ்சிபோச்சே, இதுல இனி என்ன போகப்போவுது?"

செல்விக்குக் கோபம் வரும் என்று அவளே எதிர்பார்த்தாள். வரவில்லை. அந்தக் கேள்வியைக் கேட்கிற ஆள் இன்னும் அப்படியே இருக்கிறாள் என்பதுதான் ஆச்சரியமாக இருந்தது. கையைப் பிடித்துக்கொண்டு நடுங்கியபோதும் இதே குரல்தான், இதே ஞாயம்தான். அன்று அது பாசம் என்று தோன்றியது.

"முடியாது ஜான்சி" என்றாள்.

"செல்வி..."

"முடியாது. வையி."

ஜான்சி வைக்கவில்லை. செல்விதான் வைத்தாள். மருந்துப் பையை வாங்கிக்கொண்டு திரும்பினாள். சுடலை வாசல் படியில் கட்டுப்போட்ட காலை நீட்டி உட்கார்ந்திருந்தான். செருப்பு அந்தக் காலுக்குள் நுழையவில்லை.

"யாரு போன்ல?" என்றான்.

"ஜான்சி."

அவன் நிமிர்ந்து பார்த்தான். என்ன கேட்டாள் என்று கேட்கவில்லை, நா அன்னைக்கே சொன்னேன் என்றும் சொல்லவில்லை. செல்வி குனிந்து அந்த ஒற்றைச் செருப்பை எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டு, தாராவி போவதற்கு டாக்ஸியை நோக்கிக் கையைக் காட்டினாள்.